காணாத் துணிக்கு ஒரு நெசவு நூல்: அறுந்த இழையை எப்படிக் கண்டுபிடிப்பார்கள்?

#1 பனிமூட்டம்

எல்லோருக்கும் வணக்கம். மூன்று வருடமாக ஒரு மாய உலக நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். நீரகம் என்று ஒரு பள்ளத்தாக்கு. வருடத்தில் பாதி நாள் மூடுபனி. அங்கே காருகர் என்ற கூட்டம் கண்ணுக்குத் தெரியாத துணி நெய்கிறது. அவர்களிடம் வழிவழியாக வந்த ஒரு பழைய நெசவு நூல் இருக்கிறது, பெயர் 'காணாக் கலிங்கம்'. அப்படி ஒரு நூல் எங்கும் கிடையாது, முழுக்க என் கற்பனை. ஒவ்வொரு அத்தியாயத்தின் தலையிலும் அதிலிருந்து ஒரு பத்தி வைக்கிறேன். முதல் பத்தி இது:

"காணாத் துகிலாவது கண்ணுக்குப் புலனாகாதது. அதனை நெய்வோன் மனத்தூய்மை உடையவனாதல் வேண்டும். முழுநிலவில் பறித்த பஞ்சை ஏழு முறை கொட்டி, ஏழு கன்னியர் நூற்க, ஏழாம் நாள் தறியேற்றி, அரசன் பெயர் சொல்லி ஓடம் எறிக. துகில் முடியுங்கால் தறி வெறுமையாய்த் தோன்றும். அதுவே நிறைவு."

படித்தால் ஒரு கைவினை நூல் போல இருக்கிறதா? மனதில் பட்டதைச் சொல்லுங்கள்.

#2 தறிமேடை

மொழி அழகாக இருக்கிறது அக்கா. ஆனால் இதை எழுதியவர் தறியில் உட்கார்ந்ததே இல்லை என்று முதல் வரியிலேயே தெரிந்துவிடுகிறது.

நான் அருப்புக்கோட்டைப் பக்கம். அப்பா குழித்தறியில் பருத்திச் சேலை நெய்தவர். ஒரு சேலைப் பாவில், அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் நூலில், மூவாயிரம், நாலாயிரம் இழை இருக்கும். அதில் ஒன்று அறும். கட்டாயம் அறும், ஒரு நாளைக்குப் பல முறை அறும். அறுந்த இழையைப் பார்த்து, துண்டு நூல் வைத்து முடிச்சுப் போட்டு, விழுதுக் கண்ணில் (இழையைத் தூக்கி இறக்கும் கண்ணி) கோர்த்து, அச்சுப் பல்லுக்குள் (இழைகளைப் பிரித்து நிறுத்தும் சீப்பு) இழுத்துவிட்ட பிறகுதான் அடுத்த ஊடை, அதாவது குறுக்கு நூல். கவனிக்காமல் நெய்துகொண்டே போனால் துணி முழுக்க ஒரு கோடு விழுந்துவிடும். அறுந்த முனை பக்கத்து இழைகளைச் சுற்றிக்கொண்டு அதையும் அறுத்துவிடும்.

உங்கள் காருகருக்கு இழையே தெரியாது. அப்படியென்றால் அறுந்த இழையை எப்படிக் கண்டுபிடிப்பார்கள்? நெசவு நூல் என்றால் இதற்குத்தான் முதலில் பதில் சொல்லும். மனத்தூய்மை, நிலவு எல்லாம் அப்புறம்.

#3 பனிமூட்டம்

இந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை. இரண்டு நாள் யோசிக்கிறேன்.

#4 ஒளிக்கதிர்

அதற்கு முன்னால் ஒன்றைத் தெளிவாக்குங்கள். 'காணாத் துணி' என்றால் இரண்டு வேறு பொருள்கள் உண்டு. துணி மட்டும் தெரியாது, உள்ளே இருக்கும் ஆள் தெரிவார் என்பது ஒன்று. துணியும் தெரியாது, போர்த்திய ஆளும் தெரியமாட்டார் என்பது இன்னொன்று. இரண்டும் இயற்பியலில் எதிரெதிர்த் திசை.

முதல் வகைக்கு, ஒளி துணிக்குள் வளையாமல், சிதறாமல், எதிரொளிக்காமல் நேரே போக வேண்டும். ஒரு பொருளுக்குள் நுழையும் ஒளி எவ்வளவு வளைகிறது என்பதைக் காட்டும் ஒளிவிலகல் எண் காற்றுக்கு ஏறத்தாழ 1. பருத்தி இழைக்கு 1.5க்குச் சற்று மேல். இந்த வித்தியாசத்தால்தான் ஒவ்வொரு இழையின் விளிம்பிலும் ஒளி சிதறி, துணி வெள்ளையாகத் தெரிகிறது. அதே துணியை நனைத்தால் இழைகளுக்கு இடையே காற்றுக்குப் பதில் தண்ணீர் வருகிறது. தண்ணீருக்கு 1.33. வித்தியாசம் குறைகிறது, சிதறல் குறைகிறது, துணி கண்ணாடிபோல் ஆகிவிடுகிறது. மழையில் நனைந்த வெள்ளைச் சட்டையில் எல்லோரும் பார்த்ததுதான். சிலவகைக் கண்ணாடிக் குச்சியைக் கிளிசரினில் முக்கினால் குச்சியே மறைந்துவிடும். இரண்டுக்கும் எண் 1.47 பக்கம்.

இரண்டாம் வகைக்கு ஒளியை ஆளைச் சுற்றி வளைத்து அனுப்ப வேண்டும், கல்லைச் சுற்றி ஆற்று நீர் போவது மாதிரி. 2006இல் அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் ஒரு செம்பு உருளையை நுண்ணலைகளிடமிருந்து ஓரளவு இப்படி மறைத்துக் காட்டினார்கள். கண்ணால் காணும் ஒளியில் செய்தது அல்ல அது. இதில் ஒரு விளைவு உண்டு: ஒளி முழுவதும் சுற்றிப் போய்விட்டால் உள்ளே ஒளியே வராது. போர்த்தியவர் கும்மிருட்டில் இருப்பார்.

கதைக்கு எது வேண்டும்?

#5 பனிமூட்டம்

முதல் வகை. ஆள் மறைகிற கதை நிறைய இருக்கிறது. நீரகத்தில் இந்தத் துணியை இறந்தவர்மேல் போர்த்துவார்கள். குளிரில் கிடக்கக் கூடாது, அதே சமயம் முகமும் மறையக் கூடாது. அப்புறம் பிறந்த குழந்தைக்குச் சுற்றுவார்கள். அவ்வளவுதான் பயன். அரசன் பெயர் சொல்லி நெய்வதாக முதல் பத்தியில் எழுதியது இப்போது எனக்கே ஒட்டவில்லை.

#6 கரைவலை

நான் மன்னாரைச் சேர்ந்தவன். நெசவு எனக்குத் தெரியாது. ஆனால் தெரியாத நூலில் வேலை செய்கிறவர்களைப் பார்த்து வளர்ந்திருக்கிறேன்.

எங்கள் பக்கம் தங்கூசி வலை என்று சொல்வோம். ஒற்றை நைலோன் இழையால் பின்னியது. தண்ணீருக்குள் மீனுக்குத் தெரியாது, கரையில் வெயிலுக்கு எதிரே பிடித்தால் எங்களுக்கே சரியாகத் தெரியாது. இப்போது இலங்கையில் அது தடைசெய்யப்பட்ட வலை. அது நல்ல முடிவுதான், கடலில் தொலைந்துபோன வலை தன்பாட்டில் மீனைக் கொன்றுகொண்டே கிடக்கும். தடைக்கு முந்திய காலத்தில் என் மாமா அந்த வலையில் கிழிந்த இடத்தைப் பொத்திச் சரிசெய்வார். கால் பெருவிரலில் வலையின் ஒரு கண்ணை மாட்டி இழுத்துப் பிடித்துக்கொண்டு, முகத்தை வேறு பக்கம் திருப்பி ஆட்களோடு கதைத்தபடியே கை வேலை செய்யும். "பார்த்தால் பிழைக்கும்" என்பார், தவறிப்போகும் என்று பொருள். கண் ஒரு இடத்தைச் சொல்லும், விரல் வேறு இடத்தைச் சொல்லும், விரல் சொல்வதைத்தான் நம்ப வேண்டும் என்று விளக்குவார். எங்கே அறுந்தது என்பதை இழுவையில் பிடிப்பார். முழு வலை ஒரே மாதிரி இறுகும், அறுந்த இடத்தில் மட்டும் தளரும்.

உங்கள் காருகருக்கும் அது பொருந்தும் என்று நினைக்கிறேன். இழுவைதான் அவர்களின் கண்.

#7 ஒளிக்கதிர்

@கரைவலை நைலோனின் எண் 1.5ஐ ஒட்டி வரும், தண்ணீரில் கொஞ்சம் தெரியும். புளூரோகார்பன் தூண்டில் இழைக்கு 1.42 அளவு, தண்ணீருக்கு இன்னும் கிட்டே. அதனால்தான் அதை விலை கொடுத்து வாங்குகிறார்கள். உங்கள் மாமா சொன்னது அருமை.

#8 தறிமேடை

இழுவை நல்ல பதில். ஆனால் வலையின் கண் விரல் நுழையும் அளவு. பாவில் ஒரு அங்குலத்துக்கு நூறு இழை. விரல் ஒன்றை வைத்தால் எழுபது இழையை மறைக்கும். தளர்ந்த ஓர் இழையை விரலால் மட்டும் பிரித்து எடுக்க முடியாது. உள்ளங்கையைப் பாவின்மேல் மெல்ல ஓட்டினால் எங்கோ அறுந்திருக்கிறது என்று தெரியும், எது என்று தெரியாது.

நேற்று இரவு அம்மாவிடம் இந்தக் கதையைச் சொன்னேன். அம்மா நாற்பது வருடம் தார் (ஊடை நூல் சுற்றிய சிறு குச்சி) சுற்றிக் கொடுத்தவர், பாவுக்குக் கஞ்சி போட்டவர். கேட்டுவிட்டு அரை நிமிடம் யோசித்தார். "கஞ்சி தெரியுமில்ல?" என்றார்.

எனக்குச் சிலிர்த்துவிட்டது. விளக்கிச் சொல்கிறேன்.

பருத்திப் பாவைக் கஞ்சி போடாமல் நெய்ய முடியாது. வெறும் நூல் அச்சுப் பல்லில் உரசி உரசிப் பஞ்சாகி அறுந்துவிடும். அதனால் விடியற்காலையில் தெருவில் முழு நீளத்துக்குப் பாவை விரித்து, இரண்டு பக்கமும் இழுத்துக் கட்டி, கஞ்சியைப் பூசி, பெரிய பிரஷால் ஒரே திசையில் நீவிக்கொண்டே போவார்கள். வெயில் ஏறுவதற்குள் முடிக்க வேண்டும். ஒவ்வோர் இழையும் தனித்தனியாகக் காய வேண்டும், ஒன்றோடொன்று ஒட்டிவிடக் கூடாது. காய்ந்ததும் இழையின்மேல் மெல்லிய ஓர் உறை மாதிரி கஞ்சி நிற்கும்.

உங்கள் நூல் தெரியாது, சரி. அதன்மேல் இருக்கும் கஞ்சி ஏன் தெரியாமல் போக வேண்டும்? அது வெறும் அரிசி. காருகர் நெய்யும்போது பார்ப்பது நூலை அல்ல, நூலைப் போர்த்தியிருக்கும் கஞ்சியை. அறுந்த இழையையும் அப்படித்தான் பார்க்கிறார்கள். நெய்து முடித்து, அறுத்து இறக்கி, ஆற்றில் அலசுகிறார்கள். கஞ்சி கரைகிறது. துணி காணாமல் போகிறது.

அதாவது அந்தத் துணியைக் கண்ணால் பார்த்தவர்கள் நெய்தவர்கள் மட்டும்தான். உடுத்துகிறவர், போர்த்துகிறவர், விலை கொடுத்தவர் யாரும் ஒரு நாளும் பார்த்ததில்லை.

இன்னொரு விஷயம். நெய்ய நெய்ய அச்சு உரசிக் கஞ்சி உதிரும். அப்பாவின் தறிக்குழியில் எப்போதும் வெள்ளையாகத் தூள் கிடக்கும். உங்கள் உலகத்தில் கஞ்சி உதிர்ந்த இடத்தில் இழை மறைய ஆரம்பிக்கும். ஆகவே ஏற்றிய பாவை அத்தனை நாளைக்குள் முடித்தாக வேண்டும் என்று ஒரு கெடு வரும். கதைக்கு அது உதவுமா என்று பாருங்கள்.

#9 பனிமூட்டம்

அம்மாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள். நாவலின் நடு அச்சே இப்போதுதான் கிடைத்திருக்கிறது. எட்டு அத்தியாயத்தை மறுபடி எழுதப் போகிறேன், அதில் எனக்கு வருத்தமே இல்லை.

#10 மெக்னாக்கரை

தாமதமாக வருகிறேன். வேலை நிமித்தம் சில வருடம் டாக்காவில் இருந்தேன். காணாத் துணி என்று பேச்சு வந்தால் டாக்கா மஸ்லின் என்ற மெல்லிய பருத்தித் துணியைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. மனிதக் கை காணாமைக்கு மிக அருகில் போய்த் தொட்ட இடம் அது.

மெக்னா ஆற்றங்கரையில் விளைந்த 'புட்டி கார்பாஸ்' என்ற பருத்தியிலிருந்து வந்த துணி. வாளை மீனின் தாடை எலும்பைச் சீப்பாக வைத்துப் பஞ்சைச் சிக்கெடுத்தார்கள். அதில் பல் அவ்வளவு நெருக்கம், அவ்வளவு பொடி. நூற்றது பெரும்பாலும் இளம்பெண்கள். அதிகாலையிலும் சாயங்காலத்திலும், காற்றில் ஈரம் இருக்கும் நேரத்தில், ஆற்றங்கரையிலோ பக்கத்தில் தண்ணீர்க் கிண்ணம் வைத்துக்கொண்டோ நூற்பார்கள். உலர்ந்த காற்றில் அந்த இழை தாங்காது. கஞ்சியும் உண்டு, தறிமேடை! நெற்பொரியில் செய்த கஞ்சி. உங்கள் அம்மா சொன்னது கற்பனை உலகத்துக்கு மட்டும் பொருந்துவது அல்ல.

துணிகளுக்கு வைத்த பெயர்களைப் பாருங்கள். ஆப்-இ-ரவான் என்றால் ஓடும் நீர். ஷப்னம் என்றால் பனித்துளி. புல்மேல் விரித்தால் எது பனி, எது துணி என்று தெரியாது என்பதால் வந்த பெயர் என்பார்கள். ஔரங்கசீப்பின் மகள் உடல் தெரிய உடுத்தியதாகத் தந்தை கடிந்துகொள்ள, ஏழு சுற்றுச் சுற்றியிருக்கிறேன் என்று அவள் சொன்னதாக ஒரு செவிவழிக் கதையும் உண்டு.

கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில் அந்தத் தொழில் நசுங்கியது. ஆலைத் துணி வந்து நிறைந்தது. அந்தப் பருத்தியே வயலிலிருந்து மறைந்தது. அண்மைக் காலத்தில் வங்கதேசத்தில் செடியைத் தேடி, நூற்கப் பழக்கி, மறுபடி நெய்கிறார்கள். 2020இல் டாக்கா மஸ்லினுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. அதன் வாரிசான ஜம்தானி நெசவை யுனெஸ்கோ 2013இல் மரபுப் பட்டியலில் சேர்த்தது. நெசவு விட்டுப்போன தலைமுறைகளுக்குப் பிறகு மீட்பது எவ்வளவு கடினம் என்பதை அங்கே பார்த்தேன். எந்த மாதத்துக் காற்றில் நூற்க வேண்டும், கஞ்சி எந்தப் பதத்தில் இருக்க வேண்டும் என்பதெல்லாம் பாட்டி பேத்தியிடம் சொல்லிக் கொடுத்தது. சொல்லிக் கொடுக்க ஆள் இல்லாத தலைமுறையில் அது போய்விடும்.

ஆகவே பனிமூட்டம், உங்கள் நூலில் மூடுபனியை அழகுக்காக வைக்காதீர்கள். அந்தப் பள்ளத்தாக்கில்தான் ஏன் இந்தத் துணி பிறந்தது என்பதற்குப் பனியே காரணமாக இருக்கட்டும்.

#11 ஒளிக்கதிர்

பனிக்கு இன்னொரு வேலையும் கொடுக்கலாம். விடியற்காலையில் வேலியில் சிலந்திவலை பார்த்திருப்பீர்கள். மற்ற நேரத்தில் முகத்தில் ஒட்டினால்தான் தெரியும். பனி இறங்கியதும் ஒவ்வோர் இழையிலும் முத்து கோத்த மாதிரித் துளி நிற்கும். காணாத் துணியும் ஆற்றில் அலசிய பிறகு ஒரே ஒரு நேரத்தில் தெரியலாம்: பனி இறங்கும் அதிகாலையில். நெய்த துணியைச் சோதிப்பது அப்போதுதான் என்று வையுங்கள். துளி தொடர்ந்து நிற்காத இடத்தில் இழை விட்டிருக்கிறது.

#12 கணக்கர்

நான் நூற்பாலையில் கணக்குப் பார்த்தவன். இலக்கியம் அவ்வளவாகத் தெரியாது. ஒரு சந்தேகம். அலசிய பிறகு யாருக்கும் தெரியாத துணியை வியாபாரம் செய்வது எப்படி? ஒன்றுமே தராமல் 'இதோ துணி' என்று சொல்லிவிட்டால்? 1837இல் ஆண்டர்சன் டேனிஷ் மொழியில் எழுதிய அரசனின் புத்தாடைக் கதையில் நடந்தது அதுதான். அந்தக் கதையின் பழைய வடிவம் 1335இல் ஸ்பெயினின் ஹுவான் மானுவேல் எழுதியதிலேயே இருக்கிறது. இரண்டிலும் தறி காலி. அங்கே எல்லோரும் கண்ணைப் பற்றியே பேசுகிறார்கள். ஒருவராவது தராசைக் கொண்டு வந்திருந்தால் அன்றைக்கே விஷயம் முடிந்திருக்கும்.

காணாத் துணிக்கும் எடை உண்டு. எவ்வளவு என்று போட்டுப் பார்த்தேன். பருத்தி நூலின் நம்பர் என்பது ஒரு பவுண்டு எடையில் 840 கெஜ நீளமுள்ள கழி (நூல் கட்டு) எத்தனை இருக்கிறது என்பது. நூறாம் நம்பர் என்றால் ஒரு பவுண்டில் 84,000 கெஜம். முந்நூறாம் நம்பர் என்றால் 2,52,000 கெஜம், அதாவது 230 கிலோமீட்டர். ஒரு கிராமில் அரைக் கிலோமீட்டருக்குச் சற்று மேல்.

ஐந்தரை மீட்டர் நீளம், ஒரு மீட்டர் பதினைந்து சென்டிமீட்டர் அகலத்தில் ஒரு சேலை. சென்டிமீட்டருக்கு 40 பாவு இழை, 40 ஊடை இழை. பாவுக்கு 25,300 மீட்டர், ஊடைக்கும் அதே அளவு. மொத்தம் ஐம்பது கிலோமீட்டர் நூல். நெசவில் வரும் வளைவை விட்டுவிட்டால், முந்நூறாம் நம்பர் நூலில் எடை சுமார் 100 கிராம்.

கையில் ஒன்றும் தெரியவில்லை, தராசு 100 கிராம் காட்டுகிறது. உங்கள் நூலில் அளவைக்கு ஓர் இயல் கட்டாயம் வேண்டும்.

#13 தறிமேடை

கணக்கர் ஐயா சொன்னது எங்கள் வீட்டுக் கதை. கூலிக்கு நெய்யச் சொல்கிறவர்கள் நூலை எடை போட்டுக் கொடுப்பார்கள். சேலையைத் திரும்ப எடை போட்டு வாங்குவார்கள். குறைந்தால் கூலியில் பிடித்துக்கொள்வார்கள். சேதாரத்துக்கு இவ்வளவு என்று ஒரு கணக்கு உண்டு, ஆனால் மழைக்கால நூலுக்கும் வெயில்கால நூலுக்கும் எடை வேறு. பருத்தி ஈரத்தைக் குடிக்கும். ஐப்பசி அடைமழையில் ஈரத்தோடு எடை போட்டுக் கொடுத்த நூல், வெயில் வந்த பிறகு சேலையாகப் போகும்போது எடை குறைந்து நின்றது. அப்பா ஒரு கிராம் நூலைக்கூட வீணாக்காதவர். அன்றைக்கு முந்நூறு ரூபாய் பிடித்தார்கள். அவர் பதில் பேசவில்லை. வீட்டுக்கு வந்து தறிக்குழியில் கால் வைத்தபடி ரொம்ப நேரம் சும்மா உட்கார்ந்திருந்தார்.

அளவை இயல் எழுதும்போது எந்த ஈரத்தில் எடை போட வேண்டும் என்பதையும் எழுதுங்கள் அக்கா. அந்த உலகத்திலாவது அது எழுத்தில் இருக்கட்டும்.

#14 பனிமூட்டம்

எழுதுகிறேன் தம்பி. கட்டாயம்.

#15 செங்கழுநீர்

தமிழாசிரியை. ஆரம்பத்திலிருந்து படித்துவருகிறேன். ஒன்று சொல்ல வேண்டும், கொஞ்சம் நீளும்.

கண்ணுக்குத் தெரியாத இழை என்பது நமக்குப் புதிய கற்பனை அல்ல. பொருநராற்றுப்படையில் கரிகாலன் கொடுத்த ஆடையை 'நோக்கு நுழைகல்லா நுண்மைய' என்கிறார் புலவர். பார்வை நுழைய முடியாத நுண்மை. மலைபடுகடாம் 'இழை மருங்கு அறியா நுழைநூல் கலிங்கம்' என்கிறது, இழை போகும் வழி தெரியாத துணி. புறநானூற்றில் மூங்கிலின் உட்புறத்து மெல்லிய தோல் உவமையாக வருகிறது, பாம்புரி வருகிறது, விரியும் புகை வருகிறது.

ஆனால் இவை எல்லாம் துணியை வாங்கிக்கொண்டவர் பேசுவது. பாணரும் பொருநரும் கிழிந்த உடையோடு போகிறார்கள், வள்ளல் புதுத்துணி தருகிறான், அதைப் புகழ்கிறார்கள். தறியில் உட்கார்ந்து பேசும் குரலைத் தேடினால் மிக அரிது. பனிமூட்டம் முதலில் எழுதிய பத்தியும் அந்தப் பக்கத்திலிருந்து வந்ததுதான். அரசன் வருகிறான், நிறைவு வருகிறது, கை வரவில்லை.

நூற்றவர்கள் ஓரிரு இடத்தில் தெரிகிறார்கள். புறநானூறு 326இல் காட்டுப்பூனைக்கு அஞ்சிய கோழி இரவில் அலறுகிறது. தூசியும் செத்தையும் புடைத்துத் தள்ள எழுந்த பருத்திப் பெண்டின் 'சிறுதீ விளக்கத்து' வெளிச்சத்தில் அது அமைதி அடைகிறது. ஊர் உறங்கும் நேரத்தில் ஒருத்தி வேலை பார்க்கிறாள். நற்றிணை 353இல் 'ஆளில் பெண்டிர் தாளின் செய்த நுணங்கு நுண் பனுவல்' வருகிறது, மலைமேல் தவழும் மேகத்துக்கு உவமையாக. ஆண் துணை இல்லாத பெண்கள் தம் உழைப்பால் நூற்ற நுண்ணிய நூல். மேகம்போல் நூல் என்று சொல்லவில்லை. அவர்கள் நூற்றதைப் போல மேகம் என்கிறார் புலவர். எனக்கு அதைப் படிக்கும்போதெல்லாம் நெஞ்சு நிறையும்.

நமக்கு இழையும் நூல், ஏடும் நூல். பனுவலும் அப்படித்தான். நன்னூல் இதை வெளிப்படையாகவே சொல்கிறது:

பஞ்சிதன் சொல்லாப் பனுவல் இழையாகச்
செஞ்சொற் புலவனே சேயிழையா - எஞ்சாத
கையேவா யாகக் கதிரே மதியாக
மையிலா நூல்முடியு மாறு

சொல் பஞ்சு. வாய் கை. அறிவு நூற்புக் கதிர். புலவனோ நூற்கும் பெண். இலக்கணம் எழுத வந்தவர் புலவனுக்கு உவமை தேடும்போது நூற்கிற ஒருத்தியிடம் போகிறார்.

அப்படியானால் உங்கள் காணாக் கலிங்கத்தை எழுதியவர் அரண்மனைப் புலவராக ஏன் இருக்க வேண்டும்? ஓர் ஆளில் பெண்டு எழுதட்டும். சிறுதீ விளக்கில் எழுதட்டும்.

#16 ஒளிக்கதிர்

சிறு மறுப்பு. பெண் எழுதினாள் என்பதாலேயே நூல் உண்மையாகிவிடாது. கஞ்சியின் பதமும் எடையும் சரியாக இருந்தால்தான் நம்புவேன்.

#17 செங்கழுநீர்

அதில் எனக்கும் உங்களுக்கும் வேறுபாடு இல்லை. பதம் அவளுக்குத்தான் தெரியும் என்பதால் சொன்னேன்.

#18 பனிமூட்டம்

பத்து நாள் ஆயிற்று. முதல் பத்தியை முழுக்க எடுத்துவிட்டேன். அந்த இடத்தில் இப்போது இது இருக்கிறது. செங்கழுநீர் அக்கா சொன்னபடி எழுதுகிறவள் கணவனை இழந்தவள். ஏடு எழுதக் கற்றது நாற்பது வயதுக்கு மேல். அவள் மொழியில் அலங்காரம் வேண்டாம் என்று வைத்துக்கொண்டேன்.

"கஞ்சிக்கு உடைந்த அரிசி போதும். புழுங்கலரிசி வேண்டாம். விரலை முக்கி எடுத்தால் நகம் தெரிய வேண்டும், நகத்தடி தெரியக் கூடாது. அதுதான் பதம்.

பனி விலகுவதற்குள் பாவை விரி. நீவும்போது கை ஒரே பக்கமாகப் போகட்டும். திரும்பி நீவினால் இழை படுத்துக்கொள்ளும். காய்ந்ததும் பாவு உனக்குத் தெரியும். உனக்குத் தெரியும் நாள் இருபது. கஞ்சி உதிர உதிரத் தறி உன்னை விட்டுப் போகும். இருபதாம் நாளுக்குமேல் கையால் மட்டும் நெய்ய வேண்டும். அப்போது பார்க்காதே. கண் பொய் சொல்லும். இழுவை பொய் சொல்லாது.

இழை அறுந்தால் அஞ்சாதே. அறாத பாவு இல்லை. சாம்பல் தொட்டு முறுக்கு. முடிச்சு பெரிதானால் அச்சில் மாட்டும், போர்த்தியவர் முகத்திலும் உறுத்தும்.

அலசும் நாளில் ஆற்றுக்குத் தனியாகப் போகாதே. துணி கையிலிருக்கும்போதே போய்விட்டது என்று தோன்றும். நான் முதல் துணியை அப்படித்தான் விட்டேன். நீர் இழுத்துக்கொண்டு போயிற்று. எந்தப் பக்கம் போயிற்று என்றும் தெரியவில்லை.

எடை போடுவது அலசிய மூன்றாம் நாள் நண்பகல். மழை பெய்தால் பொறு. மழைநாளில் எடை போடச் சொல்பவனிடம் துணி கொடுக்காதே."

#19 கணக்கர்

கடைசி வரியைப் படித்துவிட்டு எழுந்து கொஞ்சம் நடந்துவிட்டு வந்தேன்.

#20 கரைவலை

'எந்தப் பக்கம் போயிற்று என்றும் தெரியவில்லை' என்ற வரியை மாமாவுக்கு வாசித்துக் காட்டினேன். கடலில் வலை அறுந்து போன இரவைச் சொல்லத் தொடங்கினார். முன்பு ஒருநாளும் சொல்லாத கதை.

#21 மெக்னாக்கரை

நகத்தின் பதம் பிரமாதம். ஒரே ஒரு சந்தேகம், பஞ்சு எங்கே? அந்தச் செடி எப்படி இருக்கும்? காயும் கண்ணுக்குத் தெரியாதா?

#22 பனிமூட்டம்

செடி தெரியும், காய் தெரியும். வெடித்தால் உள்ளே விதை மட்டும் அந்தரத்தில் நிற்பது போலத் தெரியும். அதை இரண்டாம் இயலுக்கு வைத்திருக்கிறேன்.

#23 தறிமேடை

அம்மாவுக்கு முழுசாகப் படித்துக் காட்டினேன். புழுங்கலரிசி வேண்டாம் என்ற இடத்தில் தலையாட்டினார். சாம்பல் சரி என்றார். ஒரு திருத்தம் மட்டும் சொன்னார், அப்படியே எழுதுகிறேன்.

பாவைத் தறியில் ஏற்றும்போது இழையை விழுதுக் கண்ணிலும் அச்சுப் பல்லிலும் ஒருத்தியாகக் கோர்க்க முடியாது. இந்தப் பக்கம் ஒருவர் உட்கார்ந்து இழையை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்துக் கொடுக்க வேண்டும், அந்தப் பக்கம் இன்னொருவர் வாங்கி இழுக்க வேண்டும். எங்கள் வீட்டில் கொடுத்தது அம்மா, வாங்கியது அப்பா. அம்மா கேட்டார்: "அவ புருசன் இல்லாதவன்னு சொன்னியே, அப்ப இழைய வாங்குனது யாரு?"

#24 பனிமூட்டம்

அவளுக்கு ஒரு மகள் இருக்கிறாள். எட்டு வயது. நாலாயிரம் இழையை ஒவ்வொன்றாக வாங்கியது அவள்தான். இதை இப்போதுதான் கண்டுபிடித்தேன். நூலில் அவள் எழுதிய குறிப்புகளும் ஓரத்தில் இருக்கும், அம்மா மறந்துபோனவை. முதல் குறிப்பை இன்று இரவு எழுதுகிறேன். உங்கள் அம்மாவிடம் ஒன்று கேட்டுச் சொல்லுங்கள் தம்பி: இழை வாங்குகிற பிள்ளைக்கு எந்த விரல் முதலில் வலிக்கும்?